முன்னாள் சாமுராய், 50 கோக்கு, ஐந்து வயிறு: படங்களில் வரும் குடும்பக் கணக்கு எவ்வளவு சரி?

#1 தாழ்வாரம்

'ட்விலைட் சாமுராய்' (2002) என்ற ஜப்பானியப் படம் பற்றித்தான். கதை முடிவும் பேசப்படும், பார்க்காதவங்க இப்பவே வெளியேறிடுங்க.

கதாநாயகன் செய்பேவுக்குச் சம்பளம் 50 கோக்கு. ஒரு கோக்கு என்றால் ஓர் ஆள் ஒரு வருஷம் சாப்பிடும் அரிசி என்று எல்லா இடத்திலும் எழுதியிருக்கு. அப்போ அது 50 பேர் சாப்பாடு. வீட்டில் இருப்பதோ அவர், மறதி முற்றிய அம்மா, இரண்டு சின்னப் பெண்கள், ஒரு வேலைக்காரன். அப்புறம் எதுக்கு ராத்திரி உட்கார்ந்து பூச்சிக் கூண்டு பின்னி விற்கிறார்? கிழிஞ்ச உடுப்போட, நாற்றத்தோட பிரபு முன்னாடி நிற்கும் அளவுக்கா வறுமை? இயக்குநர் கொஞ்சம் கூட்டிக் காட்டிட்டாரா, இல்லை நமக்குத்தான் கணக்குப் புரியலையா?

கூடவே இன்னொன்று. 'முன்னாள் சாமுராய் குடும்பத்தைக் காப்பாற்றும் படம்' என்ற பட்டியலில் இதைச் சேர்க்கிறாங்களே, சரியா?

#2 கோக்குக்கணக்கர்

இரண்டாவது கேள்விக்குப் பதில் சின்னது: சரியில்லை. செய்பே கடைசிவரை வேலையில் இருக்கிற ஆள், கோட்டைக் கிட்டங்கியில் கணக்கெழுதுபவர். எஜமானை இழந்தவன் ரோனின். அனுமதியில்லாமல் தன் நாட்டை (இங்கே நாடு என்றால் ஒரு பிரபுவின் சிற்றரசு) விட்டு ஓடினவன் வேறு ரகம், அது குற்றம். 1871இல் சிற்றரசுகளையே கலைத்தபிறகு எல்லாருமே முன்னாள்தான். இந்த மூன்று பேருக்கும் பணம் வரும் வழி வேறு வேறு, அதனால் குழப்பிக்கக் கூடாது.

இப்போ 50 கோக்கு. அது வீட்டுக்கு வரும் அரிசி இல்லை. அவர் பேருக்குக் காட்டிய நிலத்தின் மதிப்பு விளைச்சல். விளைந்ததில் உழுதவனுக்கு ஆறு, வாங்குபவனுக்கு நாலு என்பது வழக்கமான பங்கு. நிலமாகக் காட்டாமல் கிட்டங்கியிலிருந்து அரிசியாக அளந்தாலும் ஏறக்குறைய இந்த விகிதம்தான். ஆக 20 கோக்கு.

'ஓர் ஆளுக்கு ஒரு கோக்கு' என்பதும் குழந்தை குட்டி எல்லாரையும் சேர்த்த சராசரி. சம்பளக் கணக்கில் 'ஓர் ஆள் படி' என்பது நாளுக்கு 5 கோ. ஒரு கோ 180 மில்லி, அரிசியாக நிறுத்தால் 150 கிராம். நாளுக்கு முக்கால் கிலோ. தொட்டுக்க ஒன்றும் பெரிசாக இல்லாத சாப்பாட்டில் அது அதிகமில்லை. வருஷத்துக்கு 1.8 கோக்கு ஆகும். பெரியவங்க மூன்று பேருக்கு 5.4, பெண்கள் இரண்டு பேருக்கும் பாதிப் பாதி வைத்தால் 1.8. மொத்தம் 7.2. இருபதில் மிச்சம் 12.8 கோக்கு. அதை விற்றுத்தான் விறகு, விளக்கெண்ணெய், உப்பு, மிசோ (சோயா விழுது), துணி, மருந்து, பழைய கடன் எல்லாம்.

இதுவரை ஓரளவு தாங்கும். கவிழ்க்கிறது அடுத்த வரிதான். எடோ (இன்றைய டோக்கியோ) தலைமையிடமாக இருந்த எடோ காலத்தின் பின்பாதியில் கஜானா காலியான சிற்றரசுகள் தங்கள் ஆட்களின் சம்பளத்திலிருந்தே 'கடன்' வாங்கின. பேர்தான் கடன், திரும்பி வராது. பாதிச் சம்பளம் பிடிப்பதற்கு 'அரைச் சம்பளம்' என்று தனிப் பெயரே இருந்தது. இருபதில் பாதி போனால் பத்து. சாப்பிட்டது போக மிச்சம் 2.8 கோக்கு. ஒரு கோக்குக்கு ஒரு ரியோ (பொன்காசு) என்ற பழைய மட்டக் கணக்கில் வருஷம் முழுக்கக் கையில் மூன்று ரியோ கூட இல்லை. இதற்கு மேல் காசநோயில் கிடந்து செத்த மனைவியின் மருந்துக் கடன், சாவுச் செலவு.

கூண்டு பின்னாமல் என்ன செய்வார்?

#3 மழைமேகம்77

கணக்கு நல்லா இருக்கு, ஒரு இடம் இடிக்குது. கதை நடப்பது மெய்ஜி ஆட்சி (1868) வருவதற்குச் சில வருஷம் முன்னாடி. வெளிநாட்டு வியாபாரத்துக்குத் துறைமுகங்கள் திறந்தது 1859. அதுக்கப்புறம் அரிசி விலை ஏறிக்கிட்டே போச்சு. அரிசியில் சம்பளம் வாங்கறவனுக்கு அது லாபம்தானே? அந்த 2.8 கோக்கு, கோக்குக்கு ஒரு ரியோ என்றா போகும்?

#4 கோக்குக்கணக்கர்

சரியான கேள்வி. ஒரு கோக்கு ஒரு ரியோ என்பது 1860களுக்கு ஒத்துவராது, ஒத்துக்கிறேன்.

ஆனால் லாபம் வந்து சேருவது விற்க மிச்சம் உள்ளவனுக்கு. 2.8 கோக்கு மிச்சம் வைத்திருப்பவன் விற்பது கொஞ்சம், வாங்குவது நிறைய. எண்ணெயும் பருத்தியும் கூடவே ஏறியது. அடுத்த தவணை அரிசியை ஈடு காட்டி முன்பணம் வாங்கினவன் பாடு இன்னும் மோசம், விலை ஏறும்போது அந்த மூட்டை அவனுடையதே இல்லை. எடோவில் ஷோகுனின் (நாட்டை ஆண்ட படைத்தலைவர்) ஆட்களுக்கு இதற்கென்றே அசாகுசாவில் தரகர்கள் இருந்தாங்க. 1724இல் 109 பேராகச் சங்கம் கட்டினாங்க. அரிசியை எடுத்துக் கொடுக்க 100 மூட்டைக்கு ஒரு பு, விற்றுக் கொடுக்க இரண்டு பு கூலி (நாலு பு ஒரு ரியோ). அதில் என்ன பெரிய லாபம்? வட்டியில்தான் கொழுத்தாங்க. 1789இல் அரசாங்கமே தலையிட்டுப் பழைய கடன்களை ரத்து செய்தது. உடனே தரகர்கள் புதுக் கடன் கொடுக்கக் கையை இழுத்துக்கிட்டாங்க, அதே சாமுராய்கள்தான் திண்டாடினாங்க.

#5 பழையரீல்

ஒப்பிட்டுப் பார்க்க ஒரு தச்சன் கணக்கு போடறேன். 1820களைச் சேர்ந்த ஒரு குறிப்பில் இருப்பது. எடோ தச்சனுக்குச் சாப்பாட்டுக் காசும் சேர்த்து நாளுக்கு 5.4 மொம்மே (வெள்ளியை நிறுக்கும் எடை) வெள்ளி. மழை, பண்டிகை கழித்து 294 நாள் வேலை. வருஷத்துக்கு 1587.6 மொம்மே. 60 மொம்மே ஒரு ரியோ என்றால் 26 ரியோவுக்கு மேல். மனைவி, ஒரு குழந்தை. வாடகை 120, அரிசி 354, மற்றதெல்லாம் போக மிச்சம் 73.6 மொம்மே. ஒன்றேகால் ரியோ கூட முழுசா இல்லை.

அந்தத் தச்சனே இழுத்துப் பிடித்துத்தான் வாழறான். ஆனாலும் பிடித்தம் போகாத செய்பேயின் 20 கோக்கைவிட அவன் கை மேல். அவன் வேலைக்காரன் வைக்க வேண்டாம், இரண்டு வாள் செருக வேண்டாம், மேலதிகாரி வீட்டுக் கல்யாணத்துக்கு மொய் தூக்க வேண்டாம்.

சாமுராய்க்கு மட்டும் விழும் இந்த அந்தஸ்துச் செலவைத் தனியாகக் காட்டிய படம் 'புஷி நோ ககெய்போ' (2010). ககா நாட்டின் கணக்குப்பிள்ளைக் குடும்பம், இனோயாமா வீட்டார். அவங்க 1842 முதல் 1879 வரை எழுதிய வரவுசெலவு ஏடுகள் நிஜமாகவே கிடைச்சிருக்கு. கடன் வருஷ வருமானத்தைப்போல் இரண்டு மடங்கு. உடுப்பு, பாத்திரம், புத்தகம் எல்லாத்தையும் விற்று ஒரு பகுதியை அடைத்து, பாக்கிக்குக் கடன்காரங்களிடம் தவணை பேசினாங்க. குழந்தைக்கு நடக்கும் சுப நிகழ்ச்சியில் ஆளாளுக்கு ஒரு செங்கெளுத்து மீன் வைக்கணும், காசில்லை, காகிதத்தில் மீன் வரைந்து தட்டில் வைத்தாங்க. சிரிப்பு வரவழைக்க எழுதிய காட்சி மாதிரி இருக்கும், ஏட்டிலேயே இருக்கும் விஷயம் அது.

#6 தாழ்வாரம்

அந்த மீன் ஜப்பானியில் 'தாய்' (tai) தானே? செங்கெளுத்து வேறயே?

#7 பழையரீல்

தப்பு என்னுதுதான். தாய் மீன் சீ பிரீம் (sea bream) வகை கடல் மீன், சிவப்பா இருக்கும். கெளுத்திக்கும் அதுக்கும் சம்பந்தமில்லை. 'தாய்' என்றே படிச்சுக்கோங்க.

#8 உறைவாள்

யாரும் மூங்கில் வாளைத் தொடலையே. படத்தின் முடிச்சே அதில்தான் இருக்கு.

சாமுராய் வெளியே போனால் நீளவாள், குட்டைவாள் இரண்டும் இடுப்பில் இருக்கணும். விற்றால் வெறும் இடுப்போடு நடக்க முடியாது. அதனால் உறை, கைப்பிடி, கைக்காப்புத் தட்டு எல்லாத்தையும் வைத்துக்கொண்டு அலகை மட்டும் விற்பது. அந்த இடத்தில் மூங்கிலோ மரமோ அலகு வடிவில் சீவிச் செருகுவாங்க. இதில் நுட்பம் ஒன்று: வாள் வைத்திருப்பவங்க வீட்டில் மர அலகு இருப்பது அசிங்கமே இல்லை. நல்ல அலகை வெறும் மர உறையில் எண்ணெய் பூசி ஓய்வாக வைத்துவிட்டு, அலங்கார உறையும் பிடியும் கழன்று ஆடாமல் இருக்க உள்ளே மர அலகு செருகி வைப்பது வழக்கம். செய்பே செய்ததும் கையளவில் அதே வேலைதான். என்ன, ஓய்வெடுக்கும் அலகு அவர் வீட்டில் இல்லை, மனைவியின் ஈமச்சடங்குக்குப் போயிடுச்சு.

மாட்டிக்கொள்வது எடையில். நிஜ வாள் உறையோடு ஒரு கிலோவுக்கு மேல் இருக்கும், அந்தப் பக்கம் கச்சை இறங்கும். மூங்கில் செருகியவன் நடையில் உறை ஆடும். செய்பேயாக நடிக்கும் சனாடா நடக்கும்போது இடது கை அடிக்கடி உறைமேல் போகுதான்னு அடுத்த தடவை கவனியுங்க.

கடைசிச் சண்டை. செய்பே கொல்ல அனுப்பப்பட்ட யோகோ ஒளிந்திருக்கும் வீட்டு அறை. நீளவாளின் அலகு மட்டும் சுமார் 70 செ.மீ. கதவுச் சட்டத்தின் மேல்கட்டை தரையிலிருந்து 175 செ.மீ. சுற்றி. தலைக்கு மேல் ஓங்கினால் கட்டையில் பதியும். படத்தில் நடப்பதும் அதுதான், யோகோவின் வாள் மேல்கட்டையில் சிக்குது. செய்பே கற்றது குட்டைவாள் முறை, அறைக்குள் அதற்கு இடம் போதும். அதனால் மூங்கில் வாளோடு போனது அவருக்கு ஆயுதக் குறை ஆகலை. யோகோவுக்குக் கோபம் வருவது வேறு காரணத்தால்: தன்னைக் கொல்ல மூங்கிலோட வந்துட்டான் என்ற அவமானம். அதுவரை இரண்டு பேரும் செத்த மனைவியைப் பற்றி உட்கார்ந்து பேசினவங்க.

#9 மழைமேகம்77

தலைமுடி விஷயத்தையும் சேருங்க. நெற்றியிலிருந்து உச்சி வரை மழித்திருக்கணும், இரண்டு மூன்று நாள் விட்டாலே முள் முளைத்துவிடும். முளைத்த தலை என்றால் நோயாளி, துக்கம் காப்பவன் அல்லது ரோனின். செய்பே வேலையில் இருந்துகொண்டே ரோனின் மாதிரி தெரிவது அதனால். சண்டைக்குப் போகும் காலையில் அவர் விரும்பும் தோமோயே வந்து முடி வாரிக் கட்டிவிடும் காட்சி காதல் காட்சி என்று எல்லாரும் எழுதறாங்க. இருக்கட்டும். சாகப்போகிறவனைப் பார்க்கத் தக்கவனா ஆக்கி அனுப்பும் வேலையும் அது.

#10 வெண்பனி

'முன்னாள்' என்ற சொல்லுக்கு நேராகப் பொருந்துவது 'மிபு கிஷிதென்' (2003). யோஷிமுரா கான்இச்சிரோ வட மொரியோகா நாட்டிலிருந்து ஓடிப்போய் கியோத்தோவில் ஷோகுனுக்காகக் காவல் காத்த ஷின்செங்குமி படையில் சேர்கிறார். காசு காசு என்று அலைவதால் அதே படையின் சைத்தோ ஹாஜிமே அவரை வெறுக்கிறார். கதை 1899இல், மருத்துவர் வீட்டில், வயசான சைத்தோவும் அந்த மருத்துவரும் நினைத்துப் பார்ப்பதாகப் போகுது.

ஊரில் அவர் சம்பளம் 'இரண்டு குதிரைச் சுமை, இரண்டு ஆள் படி'. சுமை ஒன்றுக்கு இரண்டு மூட்டை. மூட்டை 0.4 கோக்கு என்று தாராளமாக வைத்தால் நாலு மூட்டை 1.6. இரண்டு ஆள் படி 3.6. மொத்தம் 5.2 கோக்கு. செய்பே பணக்காரர்!

ஷின்செங்குமியில் சாதாரண வீரனுக்கு மாதம் 10 ரியோ என்று அந்தப் படையில் இருந்து உயிர்தப்பியவர் ஒருவரின் நினைவுக்குறிப்பில் வருது. பார்ப்பவங்க எல்லாரும் 'அடேயப்பா' என்பாங்க. இங்கேயும் #3 சொன்ன விலையேற்றத்தை மறக்கக் கூடாது. 1860இல் அச்சடித்த சின்னப் பொன்காசு 3.3 கிராம், 1830களின் காசு 11 கிராமுக்கு மேல். பேர் ஒரே ரியோ. 1866இல் ஒசாகாவில் அரிசி கோக்குக்கு 1000 மொம்மேயைத் தாண்டியது. ஒரு ரியோவுக்கு 100 மொம்மே சுற்றி வைத்தால் மாதச் சம்பளம் 10 ரியோ கிட்டத்தட்ட ஒரே ஒரு கோக்கு அரிசி. அப்படியும் வருஷத்துக்கு 12 கோக்கு, ஊரில் வாங்கியதைவிட இரண்டு மடங்குக்கு மேல். அவர் ஓடியதில் கணக்கு இருக்கு. ஆனால் 'கோடீஸ்வரன் ஆகிட்டார்' என்ற விமர்சனங்களில் கணக்கு இல்லை.

#11 கோக்குக்கணக்கர்

அருமை. ஒரு சேர்க்கை: மேற்கே வெள்ளியை நிறுத்துக் கணக்கு, கிழக்கே பொன்காசை எண்ணிக் கணக்கு. கியோத்தோவிலிருந்து வடக்கே பணம் அனுப்பினால் காசு மாற்றுபவனுக்கு ஒரு பங்கு, அஞ்சல் ஓட்டக்காரனுக்கு ஒரு பங்கு. படத்தில் அவர் ஒவ்வொரு காசுக்கும் வாதாடுவதைக் கஞ்சத்தனம் என்று மட்டும் பார்க்கக் கூடாது.

#12 தாழ்வாரம்

வசவுச் சொல் ஒன்று: பல படத்தில் கீழ்நிலைச் சாமுராயை 'சன்பின்' என்று திட்டறாங்க. வசன வரியில் 'அற்பனே' என்று போய்விடுது. அதுவும் சம்பளமா?

#13 கோக்குக்கணக்கர்

சம்பளமேதான். வருஷம் மூன்று ரியோ, கூட ஓர் ஆள் படி. 'சன்' மூன்று, 'பின்' ஒன்று. ஒருவனை அவன் சம்பளச் சீட்டை வாசித்தே திட்டுவது.

#14 குடைக்கம்பி

ரோனின் என்றாலே குடை ஒட்டுவான் என்று காட்டுவதைப் பற்றி. 'ஹராகிரி'யில் (1962) குடை ஒட்டும் ரோனின் ட்சுகுமோ ஹான்ஷிரோ, ஃபுக்குஷிமா பிரபு வீட்டு ஆள். 1619இல் அனுமதியில்லாமல் ஹிரோஷிமா கோட்டையைச் செப்பனிட்டதாகச் சொல்லி அந்த வீட்டின் நாட்டைப் பிடுங்கினாங்க. அதோடு ஆட்கள் தெருவுக்கு வந்தது வரலாறு. கதை 1630. எண்ணெய்த்தாள் குடை சாதாரண சனங்களிடம் பரவியது அந்த நூற்றாண்டின் பிற்பகுதியில்தான், அதனால் குடை கொஞ்சம் முந்தி வந்துவிட்டது என்பேன். படத்துக்கு அது பழுதில்லை.

வேலை எப்படி என்று தெரிந்தால் காட்சி இன்னும் உறைக்கும். பழங்குடை வாங்குபவன் தெருத்தெருவாக வந்து, குடையின் நிலைமையைப் பார்த்து 4, 8, 12 மோன் (செப்புக்காசு) என்று கொடுத்து எடுத்துப்போவான். கிழிந்த தாளை உரிப்பாங்க. எண்ணெய் ஏறிய தாள் ஈரம் விடாது, மீனும் மிசோவும் பொதிய விலைபோகும். எலும்புக்கூடு மட்டும் ரோனின் வீட்டுக்கு வரும், அவன் புதுத்தாள் ஒட்டிக் கொடுக்கணும். ஆக அவன் செய்வது பெரும்பாலும் மறுதாள் வேலை, புதுக்குடை இல்லை.

எங்கே கெடும்? ஒரு குடையின் நாற்பதுக்கு மேற்பட்ட குச்சிகளும் ஒரே மூங்கிலை வகிர்ந்தவை. வரிசை மாறினால் மடக்கும்போது பழையபடி ஒரே மூங்கிலாக உருண்டு சேராது, ஒரு பக்கம் பிதுங்கும். பசை கெட்டியானால் மடிப்பு நொறுங்கும், நீர்த்தால் தாள் குச்சியை விட்டு எழும்பும். ஒட்டியபின் தாவர எண்ணெய் பூசி வெயிலில் காயவைக்கணும். முழுசாகக் காயாமல் மடக்கினால் தாளோடு தாள் ஒட்டி, விரிக்கும்போது கிழியும், கூலி போச்சு. மழைக்காலத்தில்தான் குடைக்குக் கிராக்கி, மழைக்காலத்தில்தான் காயவைக்க வெயில் இல்லை. ஒற்றை அறை வரிசை வீட்டில் விரித்த குடையை வைக்க இடம் ஏது? படங்களில் வாசல் முழுக்கக் குடை விரிந்து கிடப்பது அழகுக்காக மட்டும் இல்லை.

வேலையில் இருந்த கீழ்நிலை ஆட்களும் கூட்டாகவே தொழில் செய்தாங்க. எடோவில் அஓயாமா பக்கம் குடை, ஓகுபோவில் துப்பாக்கிப் படையினர் வளர்த்த அசேலியாச் செடி, ஒகாச்சிமாச்சி பக்கம் காலைமலர்க் கொடி. செடிகொடி வளர்க்க அவங்களுக்குக் குடியிருப்போடு மனை இருந்தது. ரோனினுக்கு அதுவும் கிடையாது.

#15 பழையரீல்

2024இல் வந்த 'கோபான்கிரி'யையும் தொட்டுவிடலாம். பெண்ணோடு வரிசை வீட்டில் இருக்கும் ரோனின், ஒரு 'கோ' பலகை ஆட்டத்தில் காணாமல் போன 50 ரியோ அவர் தலையில் விழுது, பெண் யோஷிவாரா என்ற விலைமாதர் பேட்டைக்குப் போகிறாள். என் தச்சன் கணக்கில் 50 ரியோ 3000 மொம்மே, 555 நாள் கூலி. முத்திரை செதுக்கி அதை அடைக்க முடியாது என்பதை வசனமே இல்லாமல் புரிந்துகொள்ளலாம். படத்தின் இரண்டாம் பாதி எனக்கு ஒட்டலை, அது வேறு பேச்சு.

#16 மழைமேகம்77

1871க்கு அப்புறம் என்ன ஆனாங்க? அதைத்தானே நிஜமான 'முன்னாள்' என்கணும்.

#17 கோக்குக்கணக்கர்

1876 ரொம்ப மோசமான வருஷம். மார்ச்சில் வாள் செருகத் தடை. ஆகஸ்டில் பரம்பரைச் சம்பளத்தை மொத்தமாக நிறுத்தி, பதிலுக்கு அரசுப் பத்திரம். கிட்டத்தட்ட 3,13,000 பேருக்கு 17 கோடி யென்னுக்கு மேல். பெரிய வீடுகளுக்கு 5 சதவீத வட்டி, சின்னவங்களுக்கு 7 சதவீதம். கேட்க நல்லாயிருக்கும். 7 சதவீதக்காரங்க 2,62,000 பேர், தலைக்குச் சராசரி 415 யென். வட்டி வருஷத்துக்கு 29 யென், நாளுக்கு 8 சென் (நூறு சென் ஒரு யென்). டோக்கியோவில் கூலியாள் வாங்கியதில் மூன்றில் ஒரு பங்கு. அசலோ குலுக்கலில் பேர் வந்தால்தான் திரும்பும், 30 வருஷம் வரை இழுக்கலாம். அடுத்த வருஷமே சட்சுமாப் போர் (சாமுராய்களின் கிளர்ச்சி), நோட்டு அச்சடிப்பு, விலையேற்றம். பலர் பத்திரத்தை வந்த விலைக்கு விற்றுக் கடை போட்டாங்க. 'சாமுராய் வியாபாரம்' என்பது இன்றைக்கும் ஜப்பானில் திவாலாகும் வியாபாரத்துக்குப் பேர். விலை பேசத் தெரியாது, குனியத் தெரியாது, கடன் கேட்டவனிடம் திருப்பிக் கேட்கத் தெரியாது.

#18 வெண்பனி

செய்பே பிழைத்திருந்தால் என்ன ஆகியிருப்பார் என்பதற்கு ஏறக்குறையப் பதில் இருக்கு. படத்தின் உனசாகா கற்பனை நாடு, அதன் முன்மாதிரி இன்றைய த்சுருஓக்கா பக்கத்து ஷோனாய். 1868 போரில் ஷோகுன் பக்கம் நின்று தோற்ற நாடு, செய்பே சுடப்பட்டுச் சாவதும் அந்தப் போரில்தான். 1872இல் அந்த நாட்டுச் சாமுராய்கள் சுமார் 3000 பேர் மத்சுகஓக்காவில் காடு வெட்டினாங்க. இரண்டு மூன்று வருஷத்தில் 300 ஹெக்டேருக்கு மேல் மல்பெரித் தோட்டம். பிறகு பட்டுப்புழு வளர்க்கப் பத்துப் பெரிய கொட்டகைகள் கட்டினாங்க. அவற்றில் ஐந்து இன்னும் நிற்குது.

அந்த வருஷங்களில்தான் த்சுருஓக்கா கோட்டையை இடித்தாங்க. அங்கே இருந்து இறக்கிய ஓடுகளைக் கொண்டுவந்து புழுக்கொட்டகைக்குக் கூரை வேய்ந்தாங்க.

#19 தாழ்வாரம்

அப்படின்னா செய்பே கணக்கெழுதிய கிட்டங்கியின் ஓடும் அதில் இருக்கலாம்.

#20 வெண்பனி

கற்பனை நாட்டுக் கிட்டங்கிக்கு ஓடு எண்ண முடியாது. ஆனால் நிஜக் கிட்டங்கிக் கணக்கர்கள் யாராவது அந்த ஓட்டுக்குக் கீழே நின்று மல்பெரி இலை நறுக்கியிருப்பாங்க.